நாயை ஊமையாக்கிய சனிக்கிழமை

நான் குரல் கொடுத்த ஒரு நாய்க்காக எனக்கு நானே கைதட்டியிருக்கிறேன். வெட்கக்கேடுதான். ஆனால் இதை முதலில் சொல்லிவிட்டால் மிச்சத்தைச் சொல்வது சுலபம். ஒலிப்பதிவு அறைக்குள் தனியாக நின்று நாயின் கடைசி வசனத்தைப் பேசி முடித்ததும் என் இரண்டு கைகளும் தாமாகவே தட்டிக்கொண்டன. மைக் திறந்திருந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த ரிஸ்வான் தலையை நிமிர்த்தாமலே கேட்டான். அவன் எங்கள் ஒலிப்பதிவாளன், கண்டிப் பக்கத்துக் கெலிஓயாக்காரன். அவன் வாயில் 'சொல்லு' என்பது 'செல்லு', 'இருக்கு' என்பது 'ஈக்கி'.

"அண்ணன், இது நாய் தட்டினதா, நீங்க தட்டினதா? செல்லுங்க. நாய்ண்டா வெச்சிக்கிறேன்."

புதிதாக மைக் முன்னால் நிற்க வந்திருக்கும் உங்களுக்கு எதையாவது எழுதிக் கொடுக்கச் சொன்னார்கள். மூச்சை எங்கே விடுவது, உதட்டசைவுக்குள் வார்த்தையை எப்படி அடக்குவது என்பதையெல்லாம் ரிஸ்வான் சொல்லித் தருவான், என்னைவிட நன்றாக. நான் வாயை வைத்தே பிழைத்தவன். பூனை, கரடி, பேசும் தேநீர்க் கோப்பை, ஒரு தடவை இருமல் மருந்து விளம்பரத்தில் சளி. எல்லாவற்றுக்கும் பேசியாயிற்று. தொண்டை போதும் என்றது, விலகிக்கொண்டேன். இப்போது வீட்டில் சொந்தக் குரலில் பேசுகிறேன். மனைவிக்கு அது இன்னும் பழகவில்லை.

அந்த நாயின் விஷயத்துக்கு வருகிறேன்.

ஒரு பழைய கார்ட்டூன் படம். ஏழு நிமிடம். ஒரு குட்டிப் பறவை, ஒரு தடித்த நாய். பறவை உடுப்புக் காயப்போடும் கொடியில் உட்கார்ந்திருக்கும். நாய் அதைப் பிடிக்க வேண்டும். கதை அவ்வளவுதான். நாய் வாளிகளை ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கி ஏறும். பூச்சாடிக்குள் குந்திக்கொண்டு செடி மாதிரி நடிக்கும், பறவை வந்து அதற்குத் தண்ணீர் ஊற்றிவிட்டுப் போகும். இந்த மாதிரிப் படங்களில் யார் ஜெயிப்பார் என்று குழந்தைக்கும் தெரியும். எப்படித் தோற்கிறது என்பதுதான் விருந்து.

கொழும்பிலிருந்து சிறுவர் டிவி நிகழ்ச்சிக்காரர்கள் சிலர் இதைத் தமிழில் கேட்டார்கள். இது சரிவந்தால் இன்னும் ஒரு கட்டுப் படங்கள் வரும் என்றார்கள். கண்டியில் வத்தேகம பஸ் போகிற வீதியில், ஒரு ஹார்ட்வெயார் கடைக்கு மேலே இரண்டு அறைதான் எங்கள் ஸ்டூடியோ. பஸ் ஹோர்ன் அடித்தால் கரடி பேச்சை நிறுத்த வேண்டும். அந்த இடத்துக்கு அது பெரிய வேலை.

பறவைக்குக் குரல் கொடுத்தவள் புஷ்பா. ஹேவாஹெட்டப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்துப் பிள்ளை. எங்களிடம் வந்து மூன்று வாரம்தான் ஆகியிருந்தது. சின்ன உடம்பு, அதைவிடச் சின்னக் குரல். ஆனால் அந்தக் குரலுக்குள் ஒரு திமிர் இருந்தது, பறவைக்கு அளவெடுத்துத் தைத்த மாதிரி. அவள் பகுதியை ஒரே பகலில் முடித்துவிட்டாள், ஒரு வசனம் தவிர. அதைப் பிறகு சொல்கிறேன்.

நாய் என் பொறுப்பு. மூன்று நாள் நாய் கிடைக்கவே இல்லை. வில்லன் மாதிரி உறுமிப் பார்த்தேன், ரிஸ்வான் கொட்டாவி விட்டான். குடிகாரன் மாதிரி இழுத்துப் பார்த்தேன். "இது எங்கட பக்கத்து வீட்டு மனிசன்" என்றான். நாலாம் நாள் மத்தியானம், சாப்பாட்டுக்குப் பிறகு, அது தானாக வந்தது. நாய் வாளிக் கோபுரத்தின் உச்சியில் தள்ளாடி நின்று கையை நீட்டுகிறது. நான் சொன்னேன்:

"புடிக்கவா? புடிக்கிறேன். ஆ... புடிச்சிட்டேன்!"

கையை விரிக்கிறது, உள்ளே ஒன்றுமில்லை.

ரிஸ்வான் கதிரையோடு பின்னால் சாய்ந்து சிரித்தான். கீழே கடையிலிருந்து ஆணி வாங்க வந்தவர்கூட மேலே எட்டிப் பார்த்தார். அதற்குப் பிறகு நாய் எதைச் செய்தாலும் அதே மூன்று படிதான். "ஏறவா? ஏறுறேன். ஏறிட்டேன்!" படார். "ஒளியவா? ஒளியிறேன். ஒளிஞ்சிட்டேன்!" தலையில் தண்ணீர். செய்யும் முன் அனுமதி, செய்யும்போது அறிவிப்பு, செய்து முடிக்குமுன் வெற்றிச் செய்தி. அந்தக் கைதட்டலும் அன்றைக்குத்தான்.

எல்லோரும் சிரித்தார்கள். புஷ்பாவும் சிரித்தாள். கொஞ்சம் பிந்திச் சிரித்தாள். பிள்ளை புதிது, பெரியவர்கள் சிரித்து முடியட்டும் என்று மரியாதைக்குக் காத்திருக்கிறது என நினைத்துக்கொண்டேன். என் மூளையின் தரம் அப்படி.

அதோடு விட்டேனா? நாய்க்கு அவ்வளவு நல்ல பேச்சு அமைந்துவிட்டதே, பறவையும் அதைச் சொல்லிக் காட்ட வேண்டாமா? படத்தின் கடைசியில் நாய் வாலில் கட்டுப்பட்டுக் கொடியில் தலைகீழாகத் தொங்கும். பறவை பக்கத்தில் வந்து உட்காரும். அந்த இடத்துக்கு ஒரு வசனம் எழுதிப் புஷ்பாவிடம் கொடுத்தேன்: "புடிக்கவா, புடிக்கிறேன், புடிச்சிட்டேன்! எங்க, காட்டு பாப்போம்?"

மற்றதையெல்லாம் ஒரே தடவையில் பேசிய பிள்ளைக்கு இது வரவில்லை. குரல் இறங்கியது, வார்த்தை விழுந்தது.

"இன்னும் நக்கலா சொல்லு புஷ்பா. அந்தாள நல்லா கேலி பண்ணு," என்றேன் கண்ணாடிக்கு இந்தப் பக்கமிருந்து.

ஏழாவது தடவை சொன்னாள். நல்ல நக்கல். நான் பெருவிரலை உயர்த்திக் காட்டினேன்.

அந்தக் குரல் எங்கிருந்து வந்தது என்று கேட்டவர்களிடமெல்லாம், குளிக்கும்போது தோன்றியது என்று சொல்லி வைத்தேன். கண்டியின் குளிர்ந்த தண்ணீரில் குளிப்பவனுக்கு எதுவும் தோன்றாது, எப்போது வெளியே வரலாம் என்பதைத் தவிர. ஆனாலும் நம்பினார்கள். சொல்லிச் சொல்லி நானும் நம்பிவிட்டேன்.

நாய் பேசுகிற ஒரு துண்டை வெட்டிக் கொழும்புக்கு அனுப்பினோம். நிகழ்ச்சிப் பொறுப்பாளர் ஒரு மேடம், யாழ்ப்பாணத்துக்காரர். தோட்டத்துப் பிள்ளைகள் இதை எப்படிப் பார்க்கிறார்கள் என்று தன் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் ஒப்புதல் தருவேன் என்றார். புஷ்பா படித்த பள்ளிக்கூடத்திலேயே ஒரு சனிக்கிழமை காலை காட்டுவதென்று முடிவானது. முடிவு செய்தது நான். அவள் முகத்தைப் பார்க்காமலே முடிவு செய்தேன்.

சனிக்கிழமை வேனில் போய் இறங்கினோம். மண்டபத்து ஜன்னல்களில் வெளிச்சம் வராதபடி கறுப்புப் படங்கு கட்டியிருந்தார்கள். தோட்டத்தின் மூன்று டிவிஷன் பிள்ளைகளும் நடந்து வந்து தரையில் நெருக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். அவர்களுக்குப் பின்னால் அம்மாமார், அப்பாமார். நம்ம தோட்டத்துப் பிள்ளையின் குரல் வருகிறதாம் என்று வந்தவர்கள். மேடம் முன்வரிசையில் கையில் நோட்டுப் புத்தகத்தோடு.

அப்போது இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையோடு ஒருவர் வந்தார். அறுபதை ஒட்டிய வயது, நிமிர்ந்த முதுகு.

"எங்க அப்பா சார்," என்றாள் புஷ்பா. தோட்டத்தில் வாச்சர். விறகு வெட்டப் போனவர்களையும் கொய்யா பறிக்கப் போனவர்களையும் வருஷக்கணக்காகத் துரத்தியவர். பிள்ளைகள் சட்டென்று அமைதியானதிலேயே அது தெரிந்தது.

நான் முன்வரிசையில் ஒரு கதிரையை இழுத்துப் போட்டேன். "உக்காருங்க ஐயா."

"இங்கயா தம்பி? உக்காரவா?" சட்டையின் பின்பக்கத்தை நீவிவிட்டுக்கொண்டார். "உக்காருறேன். ஆ... உக்காந்துட்டேன்."

அதே மூன்று படி. என் நாயின் பேச்சு.

பின்னால் தரையிலிருந்து, வாய்க்குள்ளேயே, ஒரு பிள்ளை "உக்காந்துட்டேன்" என்றது. பக்கத்தில் இருந்தவை வாயைப் பொத்திக்கொண்டன. அவர் திரும்பிப் பார்த்தார். எல்லாம் கற்சிலை.

அப்போதுதான் எனக்கு எல்லாம் ஒன்றாக ஞாபகம் வந்தது. ஒவ்வொரு மத்தியானமும் நாங்கள் சாப்பிடும்போது புஷ்பாவுக்கு ஒரு போன் வரும். அவள் போனில் ஸ்பீக்கர் போட்டால்தான் கேட்கும், காதில் வைத்துக் கேட்பது பழுது. அப்பா கோயிலுக்கு மேலே ஒரு பாறையில் ஏறி நின்றால்தான் சிக்னல் பிடிக்கும். ஒவ்வொரு அழைப்பும் இப்படித்தான் முடியும்: "வைக்கவா புள்ள? வைக்கிறேன். ஆ... வச்சிட்டேன்." வைத்திருக்க மாட்டார். அதற்குப் பிறகு அரை நிமிடம் அவர் மூச்சு வாங்குவதும், யாருடைய ஆட்டையோ திட்டுவதும் கேட்கும். நான் மூன்று வாரம் சோற்றைப் பிசைந்தபடி அதைக் கேட்டிருக்கிறேன். நாலாம் நாள் மத்தியானம் தானாக வந்ததாம்! எங்கிருந்து வரும்? அந்தப் பாறையிலிருந்து வந்தது.

புஷ்பாவைப் பார்த்தேன். அவள் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வெளியே, தண்ணீர்க் குழாயடிக்குக் கூட்டிக்கொண்டு போனேன்.

"உனக்கு எப்ப தெரியும்?"

"மொத நாளே சார்."

"ஏன் புள்ள சொல்லல?"

"நீங்க சிரிச்சீங்க. ரிஸ்வான் அண்ணன் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். அப்ப வேலைக்கு வந்து மூணு வாரம்தான் சார். வேற என்ன செய்ய?"

"அப்பா வருவார்னாவது சொல்லியிருக்கலாமே?"

"வர வேணாம்னுதான் சொன்னேன். லீவு போட்டுட்டு வந்துட்டாரு. வழியில கண்டவங்க எல்லார்க்கிட்டயும் எம்மவ பேசுதுன்னு சொல்லிட்டாரு."

"அந்த நாய் அவர்தான்னு அவருக்குத் தெரிஞ்சிருமா?"

"அவரு எப்பிடி பேசுறாருன்னு அவருக்குத் தெரியாதே சார். ஊருக்குத்தான் தெரியும்."

அதுதான் விஷயம். நீங்கள் தோட்டத்தில் இருந்தவராக இருந்தால் நான் விளக்க வேண்டியதில்லை. லயத்து வரிசை வீடுகளில் ஒருவருக்கு ஒரு பட்டப்பெயர் விழுந்தால் அது அவரோடு சுடுகாடு வரைக்கும் போகும். இதுவரை வாய்க்குள் முணுமுணுத்த பிள்ளைகள் ஏழு நிமிடம் கழித்து உரக்கச் சொல்வார்கள், அதுவும் நாய் என்ற பெயரோடு. அதையும் அவருடைய மகளின் வாயாலேயே சொல்ல வைத்து, நக்கல் போதாதென்று ஏழு தடவை பதிந்தவன் நான்.

என் முதல் யோசனை பொய். லெப்டொப் பழுது, மன்னிக்கவும். மனதுக்குள் ஒத்திகைகூடப் பார்த்தேன், முகத்தை எப்படி வைத்துக்கொள்வது என்பது வரை. ஆனால் மூன்று டிவிஷன் பிள்ளைகள் காலையிலிருந்து உட்கார்ந்திருந்தன. இரண்டாவது யோசனை, நாய்க்கு அங்கேயே நின்று வேறு குரலில் பேசுவது. பதற்றத்தில் எனக்கு வாயில் வருவது பழகினதுதான், திரும்ப அவராகத்தான் வருவார். என் வாயை நான் நம்பவில்லை.

உள்ளே போய் ரிஸ்வானிடம் சொன்னேன். "நாய்ட பேச்ச மொத்தமா எடுத்துரு. இசையும் சத்தமும் பறவையும் மட்டும் போகட்டும்."

"இப்ப செல்றீங்களே அண்ணன்? அஞ்சு நிமிசம்தான் ஈக்கி. மேடம் வந்திருக்கிறதே அந்த நாய்க்கு."

"எடு ரிஸ்வான்."

அவன் என் முகத்தைப் பார்த்தான். கேள்வி கேட்காமல் திரைக்குத் திரும்பினான். இந்தத் தொழிலில் அப்படி ஒருவன் பக்கத்தில் இருக்க வேண்டும். கொஞ்சம் கழித்துச் சொன்னான்: "கடைசில பறவை அத செல்லிக் காட்டுற எடம் ஒண்டு ஈக்கி. அத வெட்ட நேரமில்ல. அந்த எடத்துல கையால சத்தத்த மூடுறேன். ஆனா பறவைட வாய் சும்மா அசையும்."

"ஸ்கூல் அதிபர் பேசுற மைக் இருக்குல்ல?" என்றாள் பின்னால் நின்ற புஷ்பா. "அத என்கிட்ட குடுங்க."

"என்ன பேசப் போற?"

"தெரியல சார்."

படம் தொடங்கியது. அந்த முதல் நிமிடம்தான் என் வாழ்க்கையிலேயே நீளமானது. பறவை கொடியில் வந்து உட்கார்ந்து தன் பாட்டுக்குப் பேசியது, பிள்ளைகள் சிரித்தார்கள். நாய் வந்தது. வாளிகளை அடுக்கியது. ஏறியது. என் காதுக்குள் "ஏறவா?" என்று கேட்டது, மண்டபத்தில் கேட்கவில்லை. உச்சியில் நின்று கையை நீட்டி மூடியது. நான் பெருமைப்பட்ட அந்த இடத்தில் இப்போது வெறும் மௌனம். மேடம் நோட்டுப் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்கினார். நாய் மூடின கையைப் பார்த்துச் சந்தோஷப்பட்டது, நம்மைப் பார்த்துச் சந்தோஷப்பட்டது.

"ஐயோ, கையில ஒண்ணுமில்ல!" என்று ஒரு பெண் குழந்தை கத்தியது.

நாய் கையை விரித்தது. ஒன்றுமில்லை.

மண்டபம் வெடித்தது. அதற்குப் பிறகு அவர்களை நிறுத்த முடியவில்லை. "மேல பாரு, மேல!" "அந்தப் பக்கம் போவாத!" "சாடிக்குள்ள ஒளியாத, தண்ணி ஊத்தும்!" நாய் பேசாததால் அதோடு பேசும் வேலையை மொத்தப் பள்ளிக்கூடமும் எடுத்துக்கொண்டது. வெள்ளைச் சட்டைக்காரர் தொடையில் அடித்து அடித்துச் சிரித்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு பக்கத்தில் இருந்த மேடத்திடம், "அந்தப் பறவ எம்மவ," என்றார். மூன்று தடவை சொன்னார்.

கடைசி இடம் வந்தது. நாய் வாலில் தலைகீழாகத் தொங்கியது. பறவை பக்கத்தில் வந்து உட்கார்ந்தது. ரிஸ்வான் குமிழை இறக்கினான். பறவையின் வாய் திறந்தது. புஷ்பா மைக்கைப் பிடித்தபடி திரையைப் பார்த்தாள், அப்பாவைப் பார்த்தாள்.

"வலிக்குதா?" என்றாள் பறவைக் குரலில். மண்டபம் அடங்கியது. "சரி சரி. நாளைக்கும் வா. நீ வரலன்னா எனக்கும் பொழுது போவாது."

முதலில் சிரித்தது அவள் அப்பாதான். பிறகு எல்லோரும். அந்த வசனம்தான் இன்றைக்கும் அந்தப் படத்தில் இருக்கிறது. என் பெயர் வசனகர்த்தா என்று போடப்பட்டிருக்கிறது. திருத்தச் சொல்லி எழுதினேன், யாரும் திருத்தவில்லை.

விளக்கைப் போட்டதும் மேடம் நேராக என்னிடம் வந்தார்.

"நாய் ஏன் கதைக்கேல்லை? நீங்கள் அனுப்பின துண்டில கதைச்சதே. அதைக் கேட்டிட்டுத்தானே நான் இவ்வளவு தூரம் வந்தனான்."

இது கலை, நவீன முயற்சி என்றெல்லாம் சொல்ல நாக்கு துடித்தது. நல்ல பொய்தான், அன்றைய சிரிப்புக்கு எடுபட்டிருக்கும்.

"அந்தக் குரல் என்னோடது இல்ல மேடம். வேற ஒருத்தரோடது. கேக்காம எடுத்துட்டேன்."

"ஆரின்ர?"

"அது சொல்ல மாட்டேன்."

அவர் பேனாவை மூடித் திறந்தார். "சரி, இதில நாய் கதைக்காமலே இருக்கட்டும். பிள்ளையள் அதுக்கும் சேர்த்துக் கதைக்குதுகள். ஆனா மற்றப் படங்களில கதைக்க வேணும். உங்கட சொந்தக் குரலில."

அடுத்த படத்தில் ஒரு கழுதை வந்தது. என் சொந்தக் குரலையே கொடுத்தேன். பிரமாதமாகப் பொருந்துகிறது என்றார்கள்.

அன்று பின்னேரம் ஸ்டூடியோவுக்குத் திரும்பியதும் புஷ்பாவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு நாயின் பேச்சு முழுவதையும் அழிக்கச் சொன்னேன். நான் செய்ததிலேயே ஆகச் சிறந்த வேலை அது. அழிந்ததில் எனக்கு வருத்தம் உண்டு, இல்லையென்று சொன்னால் திரும்பவும் குளியலறைக் கதை ஆகிவிடும். ஆனால் முடிவு சரி. இன்றைக்குக் கேட்டாலும் அதேதான் செய்வேன், அதுவும் அந்த நாலாம் நாளே.

உங்களுக்கு நான் சொல்வது இதுதான். பஸ்ஸிலும் சந்தையிலும் கேட்கிற குரல்களைப் பொறுக்கித்தான் நாம் எல்லோரும் பிழைக்கிறோம். அதில் குற்றமில்லை, காதை மூடிக்கொண்டு இந்தத் தொழில் செய்ய முடியாது. ஆனால் ஒரு குரல் மிகச் சுலபமாக, மிக நன்றாக உங்கள் வாயில் வந்து உட்கார்ந்தால், அது யாருடைய வீட்டிலிருந்து வந்தது என்று ஒரு தடவை யோசியுங்கள். யோசித்தும் தெரியாவிட்டால் அறையில் இருப்பவர்களைப் பாருங்கள். உங்கள் நகைச்சுவைக்கு எல்லோரும் சிரிக்கும்போது ஒருவர் மட்டும் பிந்திச் சிரிக்கிறாரா? அங்கேயே பதிவை நிறுத்துங்கள். அவருக்கும் ஒரு தேத்தண்ணி வாங்கிக்கொடுத்து, மெதுவாகக் கேளுங்கள். அவர் உங்களைவிடச் சின்னவராக இருந்தால் இரண்டு தடவை கேளுங்கள். முதல் தடவை "ஒண்ணுமில்ல சார்" என்றுதான் சொல்வார்.

அன்றைக்கு நாங்கள் சாமான்களை வேனில் ஏற்றும்போது புஷ்பாவின் அப்பா பிளேன்டீயோடு வந்தார். ஒரு கோப்பையை என் கையில் திணித்தார். அவருடைய முகத்தை நேராகப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. வயர்களைச் சுற்றுவதில் மும்முரமாக இருப்பதுபோல் நடித்தேன். நடிப்புத்தானே தொழில்.

"நல்ல படம் தம்பி. புள்ளைங்க நல்லா சிரிச்சிச்சு," என்றார். "எம்மவளும் நல்லா பேசுச்சு. அந்த ரிஸ்வான் தம்பியும் பாவம், வேர்க்க வேர்க்க அந்த மிஷினோட கெடந்துச்சு."

"ஆமாங்க ஐயா."

"நீங்க என்ன வேல பாக்குறீங்க?"

"நான்... குரல் குடுக்குறதுங்க."

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"அப்பறம் ஏன் தம்பி செவுத்தோரமா சும்மா நின்னுக்கிட்டு இருந்தீங்க? அந்த நாய் அம்புட்டு அடி வாங்குது, அதுக்கு ஒரு வார்த்த பேசுனா வாயா தேஞ்சிரும்?"